காசோலை வழக்கும் மேல்முறையீடும்

நெல் விற்ற விவசாயி பெற்ற காசோலை, கணக்கில் பணமின்றித் திரும்பி வருவதுண்டு. மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138-ஆம் பிரிவின்படி அவர் தொடுத்த வழக்கில் வணிகர் விடுதலையானால், இனி வழியில்லையெனச் சோர வேண்டுவதில்லை. முன்னர் இதற்கு உயர் நீதிமன்றத்தின் தனி அனுமதி பெற்றே மேல்முறையீடு செய்ய வேண்டியிருந்தது. இத்தகைய வழக்கில் முறையீட்டாளரும் பாதிக்கப்பட்டவரே என 2025-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆகவே, அவ்வனுமதியின்றியே அமர்வு நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்யலாம்.

ஆயினும், அந்நீதிமன்றம் பெரும்பாலும் முன்னரே பதிவான சாட்சியங்களைக் கொண்டே முடிவு செய்யும். ஆதலால் விற்பனைச் சீட்டு, காசோலை திரும்பியதற்கான வங்கிச் சீட்டு, அதுபற்றி அறிந்த 30 நாட்களுக்குள் அனுப்பிய அறிவிப்பின் நகல், தபால் ஒப்புகை ஆகியவற்றை முதலிலிருந்தே பத்திரப்படுத்துமாறு கேட்டுக்கொள்கிறோம். தீர்ப்பு நகல் பெற்றதும் காலம் தாழ்த்தாது வழக்கறிஞரை அணுகுக. வசதியற்றோர் வட்டச் சட்டப் பணிகள் குழுவை நாடலாமென்பதை ஊராட்சி உறுப்பினர்கள் எடுத்துரைப்பார்களாக.