நாடகத்தைக் கதையாகச் சொல்லுதல்
(பெற்றோருக்கு ஒரு பாடம்: அரிச்சந்திரன் மயான காண்டம்)

கோயில் வீதியில் விடிய விடிய நடக்கும் நாடகத்தை, நித்திரைக்குப் போகும் பிள்ளைக்குப் பத்து நிமிடத்தில் எப்படிச் சொல்வது? பார்க்டேல் தொடர்மாடிகளில் பிள்ளை வளர்க்கும் நம்மில் பலருக்கு இந்தக் கேள்வி உண்டு. அரிச்சந்திரனை நாம் ஏட்டில் படித்ததிலும் மேடையில் கண்டதே அதிகம். காங்கேசன்துறை நடிகமணி வி. வி. வைரமுத்து (1924-1989) அவர்களின் மயான காண்டம் யாழ்ப்பாணத்தார் மறக்காத நாடகம். இங்கு பிறந்த பிள்ளைக்கு அந்த மேடை இல்லை. நாம் சொல்லும் கதை மட்டுமே உண்டு.

இந்த வேலையை முன்னரே செய்தவர்கள் இருக்கிறார்கள். இங்கிலாந்தில் மேரி லாம், சாள்ஸ் லாம் என்னும் சகோதரர் இருவர் 1807இல் சேக்ஸ்பியரின் 20 நாடகங்களைச் சிறுவர் கதைகளாக வெளியிட்டனர். துன்பியல் நாடகங்கள் 6ஐச் சாள்ஸும், ஏனைய 14ஐ மேரியும் எழுதினர். முதற் பதிப்பில் சாள்ஸின் பெயர் மட்டுமே இருந்தது. இயன்ற இடமெல்லாம் நாடகத்தின் சொற்களையே எடுத்தாண்டதாக அவர்கள் முன்னுரையில் கூறினர். நம்மவரான சுவாமி விபுலானந்தர் 1926இல் வெளிவந்த 'மதங்க சூளாமணி'யில் சேக்ஸ்பியர் நாடகங்களைத் தமிழருக்கு எடுத்து விளக்கினார்.

இவர்களிடம் நாம் கற்க வேண்டியது ஒன்று. நாடகத்தைச் சுருக்கும்போது நிகழ்ச்சிகள் தப்பிவிடும். பாத்திரங்களின் குரல்தான் முதலில் போய்விடும்.

மயான காண்டத்தையே பார்ப்போம். வாய்மை தவறாத அரிச்சந்திரன், விசுவாமித்திரருக்குக் கொடுக்க வேண்டிய பொருளுக்காக மனைவி சந்திரமதியையும் மகன் லோகிதாசனையும் விற்கிறான். பின் தன்னையும் விற்று வீரபாகுவின் அடிமையாகிச் சுடலை காக்கிறான். பாம்பு தீண்டி இறந்த மகனைச் சந்திரமதி அங்கே கொண்டு வருகிறாள். காவலன் கட்டணம் கேட்கிறான்: கால் பணம், முழத்துண்டு, வாய்க்கரிசி. தன்னிடம் ஒன்றுமில்லை என்கிறாள் அவள். 'கழுத்தில் தாலி இருக்கிறதே' என்கிறான் அவன். கணவன் கண்ணுக்கு மட்டுமே தெரியும் தாலி அது. அப்போதுதான் ஒருவரை ஒருவர் அறிகிறார்கள்.

அறிந்த பின்னும் அவன் கட்டணத்தை விடவில்லை. வாய்க்கரிசி அவன் பங்கு, அதை விட்டுக்கொடுக்கிறான். பணமும் துண்டும் ஆண்டைக்கு உரியவை. கணக்கெழுதிப் பிழைக்கும் நமக்கு இந்த இடம் நன்றாகப் புரியும். நம் கையில் இருப்பதெல்லாம் நம்முடையதல்ல. 'உண்மை பேச வேண்டும்' என்று பத்து முறை சொல்வதிலும் இந்தப் பங்கீட்டை ஒரு முறை விளக்கினால் பிள்ளை பிடித்துக்கொள்ளும்.

ஆனால் பிள்ளை அத்துடன் விடாது. 'மனைவியையும் பிள்ளையையும் விற்க அவருக்கு என்ன உரிமை?' என்று கேட்கும். 'அது அந்தக் காலம்' என்று வாயை அடைக்காதீர்கள். நியாயமான கேள்வி அது. மேடையில் அக்கேள்விக்கு இடமிருந்தது. மகனை மடியில் கிடத்திச் சந்திரமதி நெடுநேரம் புலம்புவாள்; சபை முழுவதும் அவள் பக்கம் நின்று அழும். சுருக்கிச் சொல்லும் நாம் முதலில் வெட்டுவது அந்தப் புலம்பலைத்தான். அதை வெட்டினால் மிஞ்சுவது பிடிவாதக்காரன் ஒருவனின் கதை. அவள் தந்த விலையையும் சொன்னால்தான் அவன் வாய்மையின் கனம் தெரியும்.

காந்தியடிகள் சிறுவயதில் அரிச்சந்திர நாடகம் பார்த்து மனம் உருகியதைச் 'சத்திய சோதனை'யில் எழுதியிருக்கிறார். அவரை அசைத்தது அறிவுரையன்று, கண்ட காட்சி.

கதை சொல்லும்போது கவனிக்க வேண்டியவை:

1. முழுக் கதையையும் ஒரே இரவில் சொல்லாதீர்கள். ஓர் இரவுக்கு ஒரு காட்சி போதும்.
2. முக்கிய இடங்களில் பாத்திரங்களைப் பேச விடுங்கள். சந்திரமதியின் பேச்சைப் பிள்ளையிடமே கொடுங்கள்.
3. 'முழம்', 'வாய்க்கரிசி', 'ஆண்டை' போன்ற சொற்களை நீக்காமல், கதையை நிறுத்தி விளக்குங்கள்.
4. வாள் மாலையாவதையும், சிவபெருமான் தோன்றி மகனை எழுப்புவதையும் முன்கூட்டியே சொல்லாதீர்கள். பிள்ளை கொஞ்சம் பயப்படட்டும்.
5. முடிவில் நீதி கூறாமல் ஒரு கேள்வி கேளுங்கள்: 'நீ சந்திரமதியாக இருந்தால் என்ன சொல்லியிருப்பாய்?'

பயிற்சி: வரும் வாணி விழாவுக்கு முன் இக்காட்சியை வீட்டில் ஒரு முறை சொல்லிப் பாருங்கள். பிள்ளை அதைத் தமிழிலோ ஆங்கிலத்திலோ திருப்பிச் சொல்லட்டும். சந்திரமதி அதில் பேசுகிறாளா என்று மட்டும் கவனியுங்கள்.