அழிப்பது மென்பொருளா, கைப்பேசியா?

இளைஞர்களே, பழைய கைப்பேசியை விற்கும் முன் நம்மில் பலர் செய்வது ஒன்றுதான். படங்களை டெலிட் பண்ணுவோம், வாட்ஸ்அப்பை எடுத்துவிடுவோம், சிம் கார்டைக் கழற்றிவிட்டுக் கொடுத்துவிடுவோம். கொஞ்சம் கவனமானவங்க, கைப்பேசித் தகவலை அழிக்கும் மென்பொருள் ஒன்றைக் கணினியில் இறக்குவாங்க. அதோடு சேர்ந்து டிஎல்எல் என்று முடியும் பெயர்களோடு பல கோப்புகள் வரும். அவை எதற்கு? பொறியியல் மாணவன் என்ற முறையில் நான் அறிந்ததை இங்கே சொல்கிறேன்.

நூலகக் கோப்பு என்றால் என்ன?

ஒரு கல்யாண வீட்டை நினைச்சுப் பாருங்க. வீட்டுக்காரரே பந்தல் போட்டு, சமைத்து, மேளமும் வாசிப்பதில்லை. ஒவ்வொன்றுக்கும் ஆள் அழைக்கிறார். மென்பொருளும் அப்படித்தான். பலருக்கும் பொதுவான வேலையைச் செய்யும் நிரலைத் தனிக் கோப்பாக எழுதி வைத்திருப்பாங்க. தேவைப்படும் மென்பொருள் அதை அழைத்துக்கொள்ளும். அதுதான் நூலகக் கோப்பு. விண்டோஸில் அதன் பெயர் டிஎல்எல் என்று முடியும், லினக்ஸில் எஸ்ஓ, மேக்கில் டைலிப்.

ஆண்ட்ராய்டு கைப்பேசியோடு விண்டோஸ் கணினி பேச ஏடிபி என்ற கருவி உண்டு. அது 'ஏடிபிவின்ஏபிஐ', 'ஏடிபிவின்யுஎஸ்பிஏபிஐ' என்ற இரண்டு டிஎல்எல் கோப்புகளை நம்பியிருக்கிறது. ஐபோனோடு பேச 'லிப்ஐமொபைல்டிவைஸ்' என்ற திறந்த மூல நூலகம் இருக்கிறது. இவை எதுவும் தானாக எதையும் அழிப்பதில்லை. கணினி சொல்வதைக் கேபிள் வழியாகக் கைப்பேசிக்குக் கொண்டுபோவதுதான் இவற்றின் வேலை.

அப்படியென்றால் அழிப்பது யார்?

கைப்பேசியேதான். ஒரு படத்தை டெலிட் பண்ணினால், பெரும்பாலும் அது இருக்கும் இடத்தைக் காட்டும் குறிப்பு மட்டும்தான் போகும். படம் நினைவகத்தில் கொஞ்ச காலம் இருக்கும். அதன் மேல் வேறு ஏதாவது எழுதினால் போயிடாதா? கைப்பேசியின் ஃபிளாஷ் நினைவகம், ஒரே இடம் தேய்ந்துவிடாமல் இருக்க, புதிதாக எழுதுவதை வேறு இடத்துக்கு மாற்றிவிடும். பழையது அப்படியே கிடக்கலாம்.

2015-இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 21 பழைய ஆண்ட்ராய்டு கைப்பேசிகளைச் சோதித்தாங்க. ஆண்ட்ராய்டு 2.3 முதல் 4.3 வரை உள்ளவை. ஃபேக்டரி ரீசெட் செய்த பிறகும் பலவற்றிலிருந்து செய்திகளையும் படங்களையும் மீட்க முடிந்தது.

இன்று நிலைமை மாறிவிட்டது. 2019-இல் வந்த ஆண்ட்ராய்டு 10-ஓடு வெளியாகும் புதிய கைப்பேசிகள் எல்லாம் தகவலை மறையாக்கம் செய்தே சேமிக்க வேண்டும். ஐபோனில் இது 2009-இன் 3ஜிஎஸ் முதலே வன்பொருளில் இருக்கு. ரீசெட் செய்தால் மறையாக்கச் சாவி அழிந்துபோகும். சாவி போன பிறகு, மிச்சம் இருப்பது யாராலும் படிக்க முடியாத குப்பைதான்.

ஆபத்து எங்கே?

'இந்த டிஎல்எல் கோப்பு காணவில்லை' என்று கணினி சொன்னவுடன், கோப்பின் பெயரைத் தேடி ஏதோ ஒரு தளத்திலிருந்து இறக்குகிறோமே, அங்கேதான். நூலகக் கோப்பு, அழைத்த மென்பொருளுக்குள்ளேயே ஓடும். மென்பொருளுக்கு இருக்கும் அனுமதியெல்லாம் அதற்கும் உண்டு. சமையல்காரர் என்று சொல்லி வந்தவருக்கு வீட்டு அறைகள் எல்லாம் திறந்திருப்பது போல. போதாததற்கு, விண்டோஸ் பொதுவாக மென்பொருள் இருக்கும் ஃபோல்டரில்தான் முதலில் தேடும். அங்கே போலிக் கோப்பு இருந்தால் அதையே எடுத்துக்கொள்ளும். தகவலை அழிக்கப் போய், அடையாள அட்டைப் படத்தையும் வங்கி விவரத்தையும் முன்பின் தெரியாதவரிடம் கொடுத்ததாக ஆகிவிடும்.

என்ன செய்யலாம்?

1. வேண்டியதைப் பிரதி எடுத்து வையுங்க. மெமரி கார்டைக் கழற்றுங்க, ரீசெட் அதைத் தொடாமல் விடலாம்.

2. கூகுள் கணக்கை நீக்குங்க. ஐபோன் என்றால் 'ஃபைண்ட் மை' வசதியை நிறுத்துங்க. இல்லாவிட்டால் வாங்குபவர் திண்டாடுவார்.

3. செட்டிங்ஸ் வழியாகவே ரீசெட் செய்யுங்க. மறையாக்கம் உள்ள கைப்பேசிக்கு இதுவே போதும், தனி மென்பொருள் தேவையில்லை.

4. பழைய ஆண்ட்ராய்டு என்றால், செட்டிங்ஸில் மறையாக்கத்தை முதலில் இயக்கிவிட்டு, பிறகு ரீசெட் செய்யுங்க.

5. ஏடிபி தேவைப்பட்டால், கூகுள் தரும் 'பிளாட்ஃபார்ம் டூல்ஸ்' தொகுப்பை முழுதாக இறக்குங்க. அந்த இரண்டு டிஎல்எல் கோப்புகளும் அதிலேயே இருக்கு. காணாமல்போன கோப்பைத் தனியாகத் தேடாதீங்க.

அம்மா, அப்பாவின் பழைய கைப்பேசி வீட்டு அலமாரியில் கிடக்கிறதா? அதைக் கடைக்குக் கொண்டுபோகும் முன் இந்த ஐந்தையும் நீங்களே உட்கார்ந்து செய்து கொடுங்க.