கதவில்லாத சூதாட்டக் கூடம்

(இரண்டாம் ஆண்டு, இளம் அறிவியல் கணிதம்)

உத்திரமேரூர் வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரைப் பார்க்காத மாணவர் நம் கல்லூரியில் இருக்க மாட்டார். முதலாம் பராந்தக சோழன் காலத்தில், கி.பி. 919, 921 ஆம் ஆண்டுகளில் வெட்டப்பட்ட குடவோலைக் கல்வெட்டுகள் அதில் உள்ளன. முப்பது குடும்புகளிலும் தகுதியுடையோர் பெயரை ஓலையில் எழுதிக் குடத்தில் இட்டுக் குலுக்கி, ஏதுமறியாச் சிறுவன் ஒருவனைக் கொண்டு எடுக்கச் செய்து, ஏரி வாரியம், தோட்ட வாரியம் முதலியவற்றுக்கு ஆள் தேர்ந்தார்கள். சொந்த நிலமும் சொந்த மனையும் கேட்ட அந்தச் சபையின் குடத்துக்குள் எங்கள் முப்பாட்டனார் பெயர் போயிருக்காது என்பதை நான் அறிவேன். ஆயினும் அக்கல்வெட்டில் ஒரு விதி எனக்குப் பிடிக்கும். முன்பு வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவன் பெயரையும், அவன் உறவினர் பெயரையும் குடத்தில் இடலாகாது. குலுக்கல் என்பது குருட்டு அதிர்ஷ்டம்தான். ஆனால் அதற்கு முன்னும் பின்னும் கணக்கு இருந்தது.

கணக்கில்லாத குலுக்கலைப் பற்றியதே இக்கட்டுரை.

சூதாட்ட நகரம் என்றதும் அமெரிக்காவின் லாஸ் வேகாஸ் நினைவுக்கு வருகிறது. 1905 இல் இரயில் பாதையை ஒட்டிப் பாலைவனத்தில் மனைகளை ஏலம் விட்டு உருவான சிற்றூர் அது. 1931 இல் நெவாடா மாநிலம் சூதாட்டத்தைச் சட்டபூர்வமாக்கியது. அதே ஆண்டில் அருகே ஹூவர் அணை கட்டும் வேலையும் தொடங்கியது. அமெரிக்க அரசு அணைத் தொழிலாளருக்கென்று போல்டர் சிட்டி என்ற தனி ஊரையே கட்டி, அங்கே சூதாட்டத்தைத் தடை செய்தது. கூலி வாங்கியவன் கை எங்கே போகும் என்று அரசுக்குத் தெரிந்திருக்கிறது. அந்தத் தடை அவ்வூரில் இன்றும் நீடிக்கிறது.

பணம் கொழிக்கும் இடத்துக்குக் கொள்ளையர் வருவது இயல்பு. பக்ஸி சீகல் என்ற குற்றக் கும்பல் தலைவனின் முயற்சியில் 1946 டிசம்பரில் ஃபிளமிங்கோ விடுதி திறக்கப்பட்டது. ஆறு மாதம் கழிவதற்குள், 1947 ஜூனில், அவன் சுட்டுக் கொல்லப்பட்டான். பின்னாளில் எண்ணும் அறையிலேயே பணத்தை உருவிக்கொண்டு மீதிக்கு மட்டும் கணக்கு எழுதும் வழக்கம் பல விடுதிகளில் இருந்தது. செனட்டர் கீஃபாவர் தலைமையிலான குழு 1950 இல் அங்கு விசாரணைக்கு வந்தது. இன்னொரு கொடுமை அதிகம் பேசப்படுவதில்லை. 1960 வரை பெரிய விடுதிகளின் மேடையில் பாடிய கறுப்பினக் கலைஞர்களே அங்கு தங்க இயலாது. ஆட்டம் முடிந்ததும் நகரின் மேற்குப் பகுதிக்குத் திரும்ப வேண்டும். அந்நகரில் பாத்திரம் கழுவியும் படுக்கை விரித்தும் வாழ்வோர் தொழிற்சங்கம் கட்டிப் போராடிக் கூலி பெற்றனர். நகரத்தின் உண்மையான குடிமக்கள் அவர்கள்தாம் என்று எனக்குத் தோன்றுகிறது.

நம் நாட்டில் இதற்கு நிகர் கோவாவின் தலைநகர் பணஜி. 1976 ஆம் ஆண்டுச் சூதாட்டத் தடைச் சட்டத்தை 1992 இல் திருத்தி ஐந்து நட்சத்திர ஓட்டல்களில் இயந்திரங்களை அனுமதித்தார்கள். 1996 இல் மீண்டும் திருத்தி, கப்பலில் மேசை ஆட்டத்துக்கு வழி விட்டார்கள். கடலுக்குள் இருக்கும் என்று நினைத்த கப்பல்கள் மாண்டவி ஆற்றில், நகரத்தின் எதிரிலேயே நங்கூரம் பாய்ச்சி நிற்கின்றன. ஆற்றை விட்டு அவற்றை அகற்றக் கோரி உள்ளூர்ப் பெண்கள் உட்படப் பலர் போராடியிருக்கிறார்கள். 2020 பிப்ரவரி முதல் கோவா மக்கள் காசினோவுக்குள் ஆடச் செல்லக் கூடாது என்று அரசு தடை விதித்தது.

நண்பர்களே, இங்கே சற்று நிற்க வேண்டும். கோவாவில் கோவாக்காரர் ஆடக் கூடாது. மான்டி கார்லோ அமைந்த மொனாக்கோ நாட்டில் அந்நாட்டுக் குடிமக்கள் ஆடக் கூடாது. சிங்கப்பூரில் 2010 இல் இரண்டு சூதாட்ட விடுதிகள் வந்தபோது, வெளிநாட்டார் இலவசமாக நுழைய, சொந்தக் குடிமக்கள் நாளொன்றுக்கு நூறு வெள்ளி கட்ட வேண்டும் என்றார்கள். 2019 இல் அது நூற்றைம்பது ஆயிற்று. கடை நடத்துகிறவரே தம் வீட்டுப் பிள்ளைகளை அந்தச் சரக்கைத் தின்னவிடவில்லை என்றால், சரக்கு எப்படிப்பட்டது என்று வேறு சான்று வேண்டுமா?

கணித மாணவன் என்ற முறையில் ஒரு கணக்கு. அமெரிக்க ரூலட் சக்கரத்தில் 38 அறைகள். அவற்றில் 18 சிவப்பு, 18 கறுப்பு, இரண்டு பச்சை. சிவப்பின் மேல் பத்து ரூபாய் வைத்தால் வெல்லும் வாய்ப்பு 38 இல் 18, தோற்கும் வாய்ப்பு 38 இல் 20. நூறு ரூபாய்க்குச் சராசரியாக ஐந்தே கால் ரூபாய்தான் நட்டம். "இவ்வளவுதானா?" என்று தோன்றும். ஒருவன் ஆயிரம் ரூபாயோடு வருகிறான். இரண்டாயிரமானால் எழுந்துவிடுவேன் என்கிறான். ஆயிரத்தையும் ஒரே தடவையில் வைத்தால் வெற்றி வாய்ப்பு ஏறக்குறைய 47 விழுக்காடு. அதையே பத்துப் பத்து ரூபாயாக 'நிதானமாக' ஆடினால்? 20 ஐ 18 ஆல் வகுத்து நூறாம் அடுக்குக்கு உயர்த்துங்கள். ஏறத்தாழ 37,650 வரும். அவன் இரண்டாயிரத்தோடு எழும் வாய்ப்பு 37,651 இல் ஒன்று. நிதானமே அவனை விழுங்குகிறது. சிறு தொகை, பல ஆட்டம் என்பதை விடுதிக்காரன் ஏன் விரும்புகிறான் என்பது இதில் விளங்கும்.

தமிழ்நாடும் இதில் கை நனைத்த மாநிலம்தான். 1968 இல் அண்ணா முதலமைச்சராக இருந்தபோது அரசே பரிசுச் சீட்டைத் தொடங்கியது. ஒரு ரூபாய்ச் சீட்டு. விழுந்தால் வீட்டுக்கு, விழாவிட்டால் நாட்டுக்கு என்று சொல்லி விற்றார்கள். (சூதாட்டத்தை வரவேற்ற நெவாடாவின் அரசியல் சட்டம் லாட்டரியை மட்டும் தடுத்து வைத்திருப்பது ஒரு வேடிக்கை!) வேறு மாநிலச் சீட்டுகளும் வந்து குவிந்தன. கூலி வேலை செய்யும் என் தந்தையார் வாரக் கூலியில் நான்கைந்து சீட்டு வாங்குவாராம். 2003 ஜனவரியில் ஜெயலலிதா ஆட்சியில் லாட்டரி தடை செய்யப்பட்டது. "அந்த வருஷந்தான் வீட்டுக்கு ஓடு போட்டோம்" என்பார் அம்மா. தடைக்குப் பிறகு மூன்று நம்பர் லாட்டரி மறைவாக வந்தது. 2019 டிசம்பரில் விழுப்புரத்தில் அதனால் ஏற்பட்ட கடனில் ஒரு குடும்பமே மாண்டது.

எங்கள் ராஜகுளத்திலும் சீட்டாட்டம் உண்டு. ஏரிக்கரைப் புளியமரத்தடியில் மங்காத்தா நடக்கும். ஆனால் அதற்கு நான்கு பேர் சாட்சி. பொழுது சாய்ந்தால் ஆட்டம் கலையும். ஒருமுறை சின்னம்மா ஒருவர் துடைப்பத்தோடு வந்து சீட்டுகளையும் சித்தப்பாவையும் சேர்த்தே கலைத்தார். காவலர் வந்தால் எல்லோரும் கரும்புக்குள் ஓடுவார்கள். கைப்பேசியில் வந்த ரம்மிக்குப் புளியமரமும் இல்லை, சின்னம்மாவும் இல்லை.

2021 இல் தமிழக அரசு பணம் வைத்து ஆடும் இணைய விளையாட்டைத் தடுத்துச் சட்டத்திருத்தம் செய்தது. அதே ஆண்டு ஆகஸ்டில் சென்னை உயர்நீதிமன்றம் அதை இரத்து செய்தது. நீதிபதி சந்துரு குழுவின் அறிக்கைக்குப் பின் 2022 அக்டோபரில் புதிய சட்டமுன்வடிவு நிறைவேறியது. ஆளுநர் திருப்பி அனுப்ப, மறுபடி நிறைவேற்றி, 2023 ஏப்ரலில் ஒப்புதல் கிடைத்தது. அவ்வாண்டு நவம்பரில் ரம்மியும் போக்கரும் திறமை விளையாட்டுகளே என்று நீதிமன்றம் அவற்றுக்கு மட்டும் விலக்களித்தது. 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றமே பணம் கட்டி ஆடும் இணைய விளையாட்டுகள் அனைத்தையும் தடை செய்யும் சட்டத்தை நிறைவேற்றியது.

ரம்மியில் திறமை உண்டு என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் இருவர் ஆளுக்கு ஆயிரம் வைத்துக்கொண்டு, ஆட்டத்துக்கு நூறு கட்டி ஆடுகிறார்கள் என்று கொள்வோம். நடத்துபவர் பத்து விழுக்காடு எடுத்துக்கொண்டால், ஒவ்வோர் ஆட்டத்திலும் இருபது ரூபாய் மேசையை விட்டுப் போகிறது. இருவரும் மாறி மாறி வென்றால், தொண்ணூறு, நூறு ஆட்டத்துக்குள் இருவரின் இரண்டாயிரத்தில் பெரும்பகுதி நடத்துபவரிடம் சேர்ந்துவிடும். திறமை சமமாக இருந்தால் அது இருவரையும் காப்பாற்றாது.

மேற்கண்ட சட்டங்களின் இடைவெளியில்தான், 2022 ஜூனில், என் அண்ணன் ஆடத் தொடங்கினான். ஒரகடத்தில் ஒப்பந்தத் தொழிலாளி. இரவுப் பணி முடித்து வரும் பேருந்தில் ஆடுவான். முதல் வாரத்தில் 1,800 ரூபாய் வென்று எனக்குச் சட்டை எடுத்துக் கொடுத்தான். அடுத்த ஜனவரியில், கறவை மாடு வாங்க அம்மா மகளிர் குழுவில் எடுத்த கடன் தொகையும் காணவில்லை என்றபோதுதான் வீட்டில் தெரிந்தது. அவன் அழவில்லை. கைப்பேசியை என்னிடம் நீட்டி, "கூட்டிச் சொல்லுடா" என்றான். கட்டியது 417 முறை, 1,64,300 ரூபாய். எடுத்தது 23 முறை, 38,200. நட்டம் 1,26,100. கோடு போட்ட நோட்டில் எழுதிக் காட்டினேன். அப்பா அதை வாங்கி, படிக்கத் தெரியாவிட்டாலும், வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

பிளஸ் டூ முடித்தும் ஓராண்டு நான் கல்லூரிக்கு வரவில்லை. வாலாஜாபாத்தில் ஓர் இரும்புக் கடையில் எடை போட்டேன். குழுக் கடன் சென்ற ஆவணியில்தான் தீர்ந்தது. அண்ணன் இப்போது பொத்தான் வைத்த பழைய கைப்பேசி வைத்திருக்கிறான். இந்தக் கட்டுரையை எழுத அவனிடம் அனுமதி கேட்டேன். "தொகையைச் சரியாப் போடு" என்றான்.

ஒன்று மட்டும் இன்னும் என்னை உறுத்துகிறது. அந்த ஆறேழு மாதமும் நாங்கள் ஒரே அறையில்தான் படுத்தோம். விளக்கடியில் நான் பொதுத்தேர்வுக்காக நிகழ்தகவுக் கணக்குகளைப் போட்டுக்கொண்டிருந்தேன். பக்கத்துப் பாயில் அவன் ஆடிக்கொண்டிருந்தான். "சத்தத்தைக் குறைடா அண்ணா, படிக்கணும்" என்று ஒருநாள் சொன்னேன். அவனும் குறைத்தான்.