எபர்ஹார்ட் ஃபெக்னரும் படத்தொகுப்பு மேசையும்

அன்புள்ள மாணவிக்கு,

யாரையோ கேமராவின் முன் உட்காரவைத்துப் பேசச் சொல்லி, அதை வெட்டி ஒட்டியவரை எப்படி இயக்குநர் என்பது என்ற உன் கேள்விக்கு, ஜெர்மானியரான எபர்ஹார்ட் ஃபெக்னரின் (1926–1992) படங்களே தக்க விடை. நடிகராகத் தொடங்கி, மிலான் நகரில் ஜார்ஜோ ஸ்த்ரேலரின் நாடக அரங்கில் உதவியாளராக இருந்து, பின்னர் ஹாம்பர்க்கின் வடஜெர்மன் ஒலிபரப்பு நிறுவனத்திற்காகப் படமெடுத்த அவர், வால்ட்டர் கெம்போவ்ஸ்கியின் நாவலை 1975இல் தொலைக்காட்சிப் படமாக்கியதும் உண்டு. ஆனால் கதைப்படம் எடுத்ததைக் காட்டி அவரை இயக்குநர் என்று நிறுவ முயல்வது, கேள்வியிலுள்ள பிழைக்கே துணைபோவதாகும்.

பெர்லினில் தனியே வாழ்ந்து தற்கொலை செய்துகொண்ட 72 வயது மூதாட்டி கிளாரா ஹைடெப்ரெக் யார் என்று தேடிய அவருடைய 1969ஆம் ஆண்டுப் படத்தில், அம்மூதாட்டி விட்டுச்சென்ற தாள்களும் உறவினர், அண்டைவீட்டார் சொற்களுமே சான்றுகள். இந்த வழிமுறை 1976இல் வந்த 'காமெடியன் ஹார்மனிஸ்ட்ஸ்' படத்தில் முதிர்ந்தது. அறுவரில் மூவர் யூதர் என்பதால் நாஜி ஆட்சி 1935இல் முடக்கிய அதே பெயருடைய பாடகர் குழுவில் எஞ்சியவர்களுள் ஒருவர் பெர்லினிலும், இன்னொருவர் சோஃபியாவிலும், வேறொருவர் கலிஃபோர்னியாவிலும் இருந்தனர். தனித்தனியே பதிவான அவர்களுடைய பேச்சை ஃபெக்னர் வாக்கியம் வாக்கியமாகப் பிரித்து, ஒருவர் தொடங்கியதை மற்றவர் முடிக்கவும், ஒருவர் சொன்னதை மற்றவர் மறுக்கவும் அடுக்கியதால், ஒரே மேசையைச் சுற்றி அமர்ந்து பேசுவது போன்ற தோற்றம் உண்டாகிறது. படத்தொகுப்பு, அதாவது எடுத்த துண்டுகளைத் தேர்ந்து வரிசைப்படுத்தும் வேலை, இங்கே நாடகாசிரியரின் வேலையாகிறது. இப்பேச்சுகள் பின்னர் நூலாகவும் வந்தன; அதில் இணைப்பின் நுட்பத்தைப் படிக்கலாம், பேசுவோர் சொல்லுக்குத் தயங்கும் கணங்களை மட்டும் படிக்க முடியாது. நூலை மட்டும் புரட்டிவிட்டுப் படத்தைப் பற்றித் தீர்ப்பு சொல்வோருடன் வாதிடுவது வீண்.

டியூசல்டார்ஃபில் 1975 முதல் 1981 வரை நடந்த மைதானெக் என்னும் நாஜி வதைமுகாம் பற்றிய விசாரணையை, மூன்று பகுதிகளாக, ஏறத்தாழ நாலரை மணி நேரம் ஓடும் 'வழக்கு' என்னும் அவருடைய படம் சொல்கிறது. விசாரணையைப் படம்பிடிக்க ஜெர்மன் சட்டம் இடம் தராததால், நீதிபதிகள், வழக்கறிஞர்கள், தப்பிப்பிழைத்தோர், குற்றம் சாட்டப்பட்டோர் ஆகியோரை அவர் வெளியே சந்தித்துப் பதிவு செய்தார். முகாமில் நடந்ததைக் கண்ட சாட்சியின் சொல்லும், அதை அறியேன் என்னும் காவலரின் சொல்லும் அடுத்தடுத்து வரும்போது, விளக்கவுரை எதுவும் தேவைப்படுவதில்லை. வெட்டி ஒட்டுவது என்று இதற்குப் பெயரிடுவோர், ஒரே ஒரு துண்டை இடம் மாற்றிப் பார்க்கட்டும்.

இத்தகைய படைப்பு 1984இல் முதன்முறை ஒளிபரப்பானபோது, அதற்கு நாடு முழுவதற்குமான முதல் அலைவரிசையில் இடம் கிடைக்கவில்லை. பிராந்திய அலைவரிசைகளிலேயே அது காட்டப்பட்டது.