பங்குச் சண்டைக்குப் பொலிஸ் முறைப்பாடு தீர்வாகுமா?

அண்மையில் எனது கடைக்கு வந்த மொத்த வியாபாரி ஒருவர் மனமுடைந்து பேசினார். "நானா, தம்பிக்கு எதிரான வழக்குத் தள்ளுபடியாகிவிட்டது. மூன்று வருடம் அலைந்ததுதான் மிச்சம்" என்றார்.

விடயம் இதுதான். வாப்பா மௌத்தான பின் கடையை இவர் நடத்தி வந்தார். காணி உறுதி இன்னும் வாப்பாவின் பெயரில். ஒருநாள் தம்பி பின்பக்கக் களஞ்சியத்தின் பூட்டை உடைத்துத் தனது சரக்கை இறக்கிவிட்டார். இவர் பொலிஸுக்குப் போனார். அத்துமீறி நுழைந்ததாக வழக்குத் தாக்கலாயிற்று. முடிவில் தம்பி விடுதலை.

நீதிமன்றம் அநியாயம் செய்ததா? இல்லை.

தண்டனைச் சட்டக்கோவையின் 427ஆம் பிரிவுப்படி, பிறர் ஆட்சியிலுள்ள இடத்தில் நுழைவது மட்டும் குற்றமல்ல. குற்றம் புரியும் அல்லது அங்கிருப்பவரை மிரட்டும், அவமதிக்கும், தொந்தரவு செய்யும் எண்ணத்தோடு நுழைந்தார் என்பது நிரூபிக்கப்பட வேண்டும். தோட்டத் தொழிலாளி ஒருவர் சம்பந்தப்பட்ட செல்வநாயகம் வழக்கில் 1950இல் கோமறைக் கழகம் இதைத் தெளிவாக்கியது. தனக்கு உரிமை உண்டென மெய்யாக நம்பி நுழைந்தவருக்குச் சட்டப்படி அந்த உரிமை இல்லாவிட்டாலும், மற்றவருக்குத் தொந்தரவு என்ற காரணத்தால் மட்டும் அவர் குற்றவாளியாகமாட்டார்.

நண்பரின் தம்பிக்கோ உண்மையிலேயே பங்கு உண்டு. வாப்பா மௌத்தானதும், கடனுக்கு உட்பட்டு, சொத்து வாரிசுகளைச் சேர்கிறது. அவருடைய பெற்றோர் உயிருடன் இல்லையெனில் உம்மாவுக்கு எட்டில் ஒன்று. மீதியில் மகனுக்கு இரு பங்கு, மகளுக்கு ஒரு பங்கு. பிரிக்கும்வரை காணி முழுவதிலும் எல்லோரும் கூட்டுரிமையாளர்கள். வீட்டிலிருக்கும் சகோதரிக்கும் அதே கடைக் காணியில் பங்குண்டு என்பதை நண்பர் யோசிக்கவேயில்லை.

அப்படியானால் சரியான வழி எது?

ஆட்சியிலிருந்து பலவந்தமாக வெளியேற்றப்பட்டால் 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவு உண்டு. சமாதானம் குலையும் அபாயம் இருந்தால் பொலிஸார் அறிக்கை தாக்கல் செய்யலாம். நாமும் சத்தியக்கடதாசியுடன் நேரடியாகப் போகலாம். இங்கே உரித்து யாருக்கு என்று பார்ப்பதில்லை, ஆட்சியில் இருந்தவர் யார் என்றே பார்க்கிறார்கள். ஆனால் வெளியேற்றப்பட்டு இரண்டு மாதத்துக்குள் தாக்கல் செய்ய வேண்டும். நண்பர் அந்த இரண்டு மாதத்தையும் பொலிஸ் வாசலிலேயே கழித்துவிட்டார்.

அந்தக் கட்டளையும் தற்காலிகமானதே. உரித்தைத் தீர்மானிப்பது மாவட்ட நீதிமன்றம். 1977ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டப்படி பங்கு வழக்குப் போடலாம். ஆனால் அவ்வழக்குக் காணிப் பதிவகத்தில் பதிவானதும், தீரும்வரை பங்கை விற்கவோ, குத்தகைக்குக் கொடுக்கவோ, ஈடு வைக்கவோ முடியாது. வியாபாரிக்கு இது முதல் முடங்குவதாகும்.

அடிதடி, கொலை மிரட்டல், கள்ள உறுதி என்பன வேறு. அவற்றுக்குப் பொலிஸ் முறைப்பாடு அவசியமே. எனினும் கள்ள உறுதியை இரத்துச் செய்விக்க மாவட்ட நீதிமன்றமே போக வேண்டும்.

வியாபார நண்பர்கள் கவனிக்க வேண்டியவை:

1. மௌத்துக்குப் பின் தாமதிக்காமல், சகோதரிகளையும் சேர்த்து, நில அளவையாளரைக் கொண்டு அளந்து நொத்தாரிசு முன் பங்கு பிரிப்பு உறுதி முடியுங்கள்.

2. "பத்து வருடம் நான்தான் இருந்தேன், எனக்கே சொந்தம்" என்று நம்பாதீர்கள். கூட்டுரிமையாளர் ஒருவரின் ஆட்சி எல்லோருடைய ஆட்சியாகவே கருதப்படும். மற்றவர்களின் உரிமையை வெளிப்படையாக மறுத்து இருந்ததை நிரூபிக்காவிட்டால் காலம் மட்டும் உரித்தைத் தராது.

3. பிரிக்காத காணியில் கட்டடம் கட்டுவதானால் மற்றப் பங்காளிகளின் சம்மதத்தை எழுத்தில் பெறுங்கள்.

4. பிணக்கு வந்தால் பொலிஸுக்குப் போகுமுன் காணி வழக்குத் தெரிந்த சட்டத்தரணியைக் கேளுங்கள்.

நண்பரும் தம்பியும் இன்னும் பேசுவதில்லை. களஞ்சியத்தில் தம்பியின் சரக்கு அப்படியே இருக்கிறது. உங்கள் கடைக் காணியின் உறுதி யாருடைய பெயரில் இருக்கிறது? இன்றே எடுத்துப் பாருங்கள்.