நியமனமும் அங்கீகாரமும்

உதவி பெறும் பாடசாலைகளில் உபாத்தியாயராய் அமர விரும்புவோர் நம் கலாசாலை மாணவருள் பலர். நிர்வாகிகள் நியமன உத்தரவைக் கையில் கொடுத்தவுடனே உத்தியோகம் உறுதியாயிற்றென்று அவர் எண்ணுதல் இயல்பே. ஆயின் நியமனம் வேறு, அங்கீகாரம் வேறு. முன்னதை அளிப்பவர் நிர்வாகிகள். பின்னதை அளிப்பவர் ஸர்க்கார் கல்வி அதிகாரி. பின்னது வாராதவரை ஸர்க்கார் மானியத்தினின்று சம்பளம் வாராது. வழக்குகள் பெரும்பாலும் இந்த இடைவெளியிலேயே பிறக்கின்றன.

இம்முறையின் வேர் 1854-ஆம் ஆண்டில் சார்லஸ் உட் என்பார் இங்கிலாந்தினின்று அனுப்பிய கல்வி அறிக்கையில் உள்ளது. தனியார் பாடசாலைகளுக்கு ஸர்க்கார் பொருளுதவி செய்யும். பாடசாலையார் ஸர்க்கார் பரிசோதனைக்கு உட்படுவர். பொருள் கொடுப்பவர் கணக்குக் கேட்டல் நியாயமே. கணக்குக் கேட்கும் உரிமை ஆளைத் தெரிந்தெடுக்கும் உரிமையாகவும் விரியுமோ என்பதே வினா.

1957-இல் கேரளத்தில் எழுந்த கல்வி மசோதா இவ்வினாவைச் சுப்ரீம் கோர்ட்டின் முன் நிறுத்திற்று. உதவி பெறும் பள்ளிகளுக்கு வேண்டும் ஆசிரியரைப் பப்ளிக் ஸர்வீஸ் கமிஷனே தெரிந்தெடுக்கும் என்றது ஒரு பிரிவு. மத, மொழிச் சிறுபான்மையோர் தாம் நிறுவும் கல்வி நிலையங்களைத் தாமே நிர்வகிக்கும் உரிமையை அரசியலமைப்பின் 30-ஆம் விதி அளித்திருக்கிறதே என்று எதிர்ப்பு எழுந்தது. 1958-இல் நீதிபதிகள், இப்பிரிவு அவ்வுரிமையில் பெரிதும் தலையிடுவதாயினும், உதவிக்குரிய நிபந்தனை என்ற அளவில் அப்போதைக்கு ஏற்கத்தக்கதே என்றனர். நிர்வகிக்கும் உரிமை சீர்கேடாய் நிர்வகிக்கும் உரிமையாகாது என்றும் கூறினர்.

பின்னர்க் காற்றுத் திசை மாறிற்று. 1974-இல் ஒன்பது நீதிபதிகள் அமர்ந்து கேட்ட ஸெயின்ட் ஸேவியர் கலாசாலை வழக்கில், ஆசிரியரைத் தெரிந்துகொள்ளும் உரிமை நிர்வாக உரிமையின் இன்றியமையாக் கூறெனக் கருதப்பட்டது. கல்வித் தகுதியை ஸர்க்கார் விதிக்கலாம், அத்தகுதியுடையோருள் இன்னாரைக் கொள்வதென்பது நிர்வாகத்தின் விருப்பம், உதவி பெறுவதால் அவ்வுரிமை மறையாது என்று 2006-இல் மலங்கரை கலாசாலை வழக்கு தெளிவாக்கிற்று. ஆனால் 2020-இல், வங்காளத்து மதரஸா ஆசிரியரைக் கமிஷன் ஒன்றே தெரிந்து பரிந்துரைக்கும் சட்டத்தை அந்நீதிமன்றமே செல்லுமென்றது. நேர்க்கோட்டை நாடுவோர்க்குச் சட்டம் ஏமாற்றமே தரும்.

இனி இம்மாகாணத்து நடைமுறையைக் காண்போம். கணித ஆசிரியர் ஒருவர் ஓய்வு பெறுகிறார் எனக் கொள்க. பள்ளிக் குழு தகுதியுள்ள ஒருவரை நியமித்து, காகிதங்களை மாவட்டக் கல்வி அலுவலருக்கு அனுப்புகிறது. அவர் தகுதியைப் பார்க்கிறார். ஆகஸ்டு 1-ஆம் தேதியின் மாணாக்கர் தொகைக்கு அவ்விடம் தேவைதானா என்று பார்க்கிறார். வேறு பள்ளியில் மிகையாயுள்ள ஆசிரியர் உளரா என்றும் பார்க்கிறார். இக்கேள்விகளிற் பிழையில்லை. ஆனால் மறுப்புக் கூறுவதினும் 'குறை நிவர்த்தி செய்து அனுப்புக' என்று கோப்பைத் திருப்புதல் எளிது. மறுத்தாலன்றோ மறுப்பை எதிர்த்து வழக்காடலாம்! ஆசிரியரோ நாள்தோறும் வகுப்பெடுத்து, நிர்வாகிகள் தரும் சிறு தொகையில் காலந்தள்ளுகிறார்.

முடிவில் அரசியலமைப்பின் 226-ஆம் விதிப்படி ஹைகோர்ட்டிலே கட்டளைப் பேராணை வேண்டி மனுச் செய்கிறார். 'இத்தனை வாரங்களுக்குள் பரிசீலித்து உத்தரவிடுக' என்று தீர்ப்பாகின்றது பலமுறை. இது வெற்றியன்று, கோப்பு மீண்டும் மேஜைக்குச் செல்லும், அவ்வளவே. அதன்பின் வரும் மறுப்பை எதிர்த்து மறுபடியும் மனு. நியமன நாள் முதலே அங்கீகாரமா, உத்தரவு நாள் முதலா என்பது அடுத்த சச்சரவு. நிலுவைச் சம்பளம் முழுவதும் அதனைப் பொறுத்தது.

2010-இல் ஆசிரியர் தகுதித் தேர்வு விதிக்கப்பட்ட பின் சிக்கல் மிகுந்தது. 2009-ஆம் ஆண்டுக் கட்டாயக் கல்விச் சட்டம் சிறுபான்மையோர் பள்ளிகளுக்குப் பொருந்தாதென்று 2014-இல் பிரமதி வழக்கில் ஐந்து நீதிபதிகள் தீர்ப்பளித்தனர். எனவே அத்தேர்வும் தம்மைக் கட்டாதென்றனர் அப்பள்ளியார். 2025 செப்டம்பர் 1-இல் இரு நீதிபதிகள் அத்தீர்ப்பையே ஐயுற்று, வினாவைப் பெரிய அமர்வின் பார்வைக்கு அனுப்பினர்.

ஆகையால் நியமன உத்தரவில் கையொப்பமிடுமுன் நிர்வாகியிடம் மூன்று கேட்டறிக: இவ்விடம் ஸர்க்காரால் அனுமதிக்கப்பட்டதா, முன்பு இருந்தவர் எந்நாளில் விலகினார், என் காகிதங்கள் எத்தேதியில் அலுவலகம் சேரும்? விடைகளை எழுத்திலே பெற்று, நகல் ஒன்றை வீட்டில் வைத்துக்கொள்க.