பேரரசுகள் ஏன் விழுகின்றன? – இப்னு கல்தூனும் நமது மண்ணும்

விண்வெளிப் பேரரசு ஒன்றைப் பற்றிய ஆங்கில நாவலில் அறபு நூலொன்றின் பெயர் வரும் என்று யாரும் எதிர்பார்க்கமாட்டார்கள். அமெரிக்க எழுத்தாளர் ஃபிராங்க் ஹேர்பேர்ட் 1965 இல் வெளியிட்ட 'டூன்' நாவலில் அது வருகிறது. எண்ணற்ற கோள்களைப் பல்லாயிரம் ஆண்டுகளாக ஆண்டுவந்த கொரினோ வம்சத்தை, பாலைவனக் கோளொன்றில் ஒரு துளி நீரையும் சேமித்து வாழும் மக்கள் வீழ்த்துகிறார்கள். அம்மக்களின் வழிகாட்டி நூலுக்கு ஹேர்பேர்ட் வைத்த பெயர் 'கிதாபுல் இபர்'.

இஸ்லாமிய நாகரிகத்தைப் பாடமாகக் கற்கும் மாணவியருக்கு இப்பெயர் புதிதன்று. இப்னு கல்தூன் எழுதிய உலக வரலாற்று நூலின் பெயரே அது. 1377 இல் எழுதப்பட்ட 'முகத்திமா' அந்நூலின் முன்னுரையாகும். கற்பனைப் பேரரசின் வீழ்ச்சிக்கும் ஓர் அறிஞரின் வரலாற்று ஆய்வுக்கும் உள்ள இந்த உறவே இக்கட்டுரையை எழுதத் தூண்டியது. அவரது கொள்கை நமது நாட்டு வரலாற்றுக்குப் பொருந்துகிறதா என்று பார்க்க விரும்பினேன்.

அஸபிய்யா எனும் பிணைப்பு

இப்னு கல்தூன் 1332 இல் தூனிஸில் பிறந்து 1406 இல் கெய்ரோவில் காலமானார். கொள்ளைநோயில் பெற்றோரை இழந்தவர். பல அரசவைகளில் பணியாற்றி, ஆட்சிகள் கவிழ்வதை நேரில் கண்டவர். ஓர் ஆட்சியை உருவாக்குவது படைப்பலம் மட்டுமல்ல, மக்களை ஒன்றாகக் கட்டிவைக்கும் 'அஸபிய்யா' என்னும் கூட்டுணர்வே என்பது அவரது முடிவு. கடின வாழ்வில் அது வளர்கிறது; அரண்மனைச் சுகத்தில் கரைகிறது. அரசன் தன்னோடு தோள்கொடுத்தவர்களையே ஐயுற்று ஒதுக்கி, புதியவர்களை நம்பும்போது வீழ்ச்சி தொடங்குகிறது.

ஓர் ஆட்சியின் ஆயுள் பொதுவாக மூன்று தலைமுறை, ஏறத்தாழ 120 ஆண்டுகள் என்றும் அவர் கணித்தார். ஒரு குடும்பத்தின் சிறப்பு நான்கு தலைமுறையில் முடிவதாகவும் கூறினார். முதலாமவர் கட்டுகிறார்; அதன் விலை அவருக்குத் தெரியும். இரண்டாமவர் அதை அருகிலிருந்து பார்க்கிறார். மூன்றாமவர் கேள்விப்பட்டதைப் பின்பற்றுகிறார். நான்காமவரோ அது தமக்குப் பிறப்பிலேயே கிடைத்தது என எண்ணி இழந்துவிடுகிறார்.

சீதாவாக்கை

நாம் கஹவத்தையிலிருந்து பெல்மதுளை, இரத்தினபுரி வழியாகக் கொழும்புக்குப் போகும்போது அவிசாவளையைக் கடக்கிறோம். அதுவே சீதாவாக்கை இராச்சியத்தின் தலைநகரம். 1521 இல் கோட்டை மன்னன் விஜயபாகு கொல்லப்பட்டபின் அவனது மூன்று புதல்வர்களும் நாட்டைப் பங்கிட்டனர். இன்றைய சப்ரகமுவையின் பெரும்பகுதி இளையவனான மாயாதுன்னையின் கைக்கு வந்தது.

மூத்தவன் புவனேகபாகு போர்த்துக்கேயரைச் சார்ந்து நின்றான். அவர்களது வற்புறுத்தலால் 1526 இல் முஸ்லிம்கள் கோட்டை இராச்சியத்திலிருந்து வெளியேற்றப்பட்டனர். மாயாதுன்னையோ அந்நியரை எதிர்ப்பதையே தன் அரசின் பிணைப்பாக்கினான். கள்ளிக்கோட்டை சாமுத்திரி மன்னரின் கடற்படையும் அவனுக்குத் துணையாக வந்தது. மகன் இராஜசிங்கன் 1559 இல் முல்லேரியாவில் போர்த்துக்கேயரை முறியடித்தான். 1581 இல் அரசனாகி, கண்டியையும் கைப்பற்றி, 1587 இல் கொழும்பை முற்றுகையிட்டான்.

ஆனால் கண்டியைக் கைப்பற்ற உதவிய வீரசுந்தர பண்டாரவை அவனே கொல்வித்தான். தப்பியோடிய வீரசுந்தரவின் மகன் கோனப்பு பண்டார பின்னர் விமலதர்மசூரியன் என்ற பெயரில் கண்டியில் அரசனானான். 1593 இல் இராஜசிங்கன் இறந்ததும், அவன் நம்பி உயர்த்திய மனம்பேரி என்ற தென்னிந்தியத் தளபதி போர்த்துக்கேயரோடு சேர்ந்தான். 1594 இல் சீதாவாக்கை வீழ்ந்தது. தந்தை கட்டியதை அருகிலிருந்து பார்த்து, அதற்காகப் போரிட்டும் வென்றவனின் காலத்திலேயே பிணைப்பு அறுந்துவிட்டது.

கண்டி

விமலதர்மசூரியன் தொடங்கிய கண்டி அரசமரபு 1739 வரை நீடித்தது. போர்த்துக்கேயர் 1626 இல் தம் பகுதிகளிலிருந்து முஸ்லிம்களை விரட்டியபோது, அம்மரபைச் சேர்ந்த செனரத் மன்னன் அவர்களைக் கிழக்கில் குடியேற்றினான். அடுத்து வந்த நாயக்கர் மரபில் நால்வர் ஆண்டனர். நான்காமவனான ஸ்ரீ விக்கிரம இராஜசிங்கன் தன் பிரதானிகளைப் பகைத்தான். சப்ரகமுவையின் திசாவையாக இருந்த எஹெலபொல 1814 இல் ஆங்கிலேயர் பக்கம் சென்றான். மன்னன் அவனது மனைவி மக்களைக் கொல்வித்தான். 1815 மார்ச் 2 ஆம் திகதி பிரதானிகளே நாட்டை ஒப்படைக்கும் உடன்படிக்கையில் கையொப்பமிட்டனர்.

எண்ணும் காரணமும்

சீதாவாக்கை 73 ஆண்டுகள். விமலதர்மசூரியனின் மரபு 147. நாயக்கர் மரபு 76. எதுவும் 120 இல் முடியவில்லை. ஆனால் சீதாவாக்கையிலும் நாயக்கர் ஆட்சியிலும் வீழ்ச்சிக்கான காரணம் ஒன்றே: வெளிப்பகைக்கு முன்பே உள்ளே பிணைப்பு அறுந்திருந்தது. நான்கு தலைமுறைக் கணக்கு எப்போதும் பொருந்தும் என்று இப்னு கல்தூனும் சொல்லவில்லை. சில குடும்பங்கள் அதற்குமுன் அழியும், சில ஐந்தாம், ஆறாம் தலைமுறை வரை செல்லும் என்று அவரே எழுதியுள்ளார்.

எண்ணை மட்டும் பிடித்துக்கொண்டால் வீழ்ச்சி விதியாகிவிடும், செய்வதற்கு ஒன்றுமில்லை. காரணத்தைப் பிடித்தால் அது நம் பொறுப்பாகிறது. அரசன் தவறினால் அரசன் மட்டும் துன்பப்படுவதில்லை என்பதை 1526 உம் 1626 உம் நமக்குச் சொல்கின்றன.

நம்மில் எவரும் அரியணைக்கு உரியவர் அல்லர். ஆயினும் பாடசாலை, பள்ளிவாசல், சங்கம், குடும்பம் எல்லாமே யாரோ பட்ட பாட்டில் எழுந்தவைதாம். நம் பெற்றோருள் பலர் தம் பிள்ளைகளின் கல்விக்காகத் தம் தேவைகளைச் சுருக்கிக்கொண்டவர்கள். இப்னு கல்தூனின் கணக்கில் அவர்கள் கட்டியவர்கள். நாம் அருகிலிருந்து பார்த்தவர்கள். நமக்குப் பின் வருவோர் கேள்விப்படுவோர் மட்டுமே. ஆகவே பெற்றோரே, நீங்கள் பட்ட பாட்டை எங்களிடம் மறைக்காதீர்கள். சகோதரிகளே, கேட்டதை மறக்காமல் அடுத்தவரிடம் சேர்ப்போம். இது எங்கள் தலைமுறையின் கடமையாகும்.